முதுகுக்கு மூன்று வழி

திங்கட்கிழமை

அன்புள்ள வாலுவுக்கு,

அக்கா எழுதுவது. நான் நலம் என்று ஆரம்பித்தால் முதல் வரியே பொய்யாகிவிடும். நீயும் உன் வீட்டுக்காரரும் பெண்கள் இரண்டு பேரும் சௌக்கியமாக இருக்க வேண்டும், அது போதும். எட்டு வருஷமாக நீ என் போனை எடுப்பதில்லை. கடிதத்தைக் கிழித்துப் போடுவதற்காவது கையில் எடுத்துத்தானே ஆக வேண்டும்? அதனால்தான் எழுதுகிறேன்.

சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். எனக்குக் கீழ்முதுகில் ஆபரேஷன். இடுப்பெலும்பின் மேல் ஒழுங்காக உட்கார்ந்திருக்க வேண்டிய கடைசி முள்ளெலும்பு வழுக்கி முன்னால் வந்து, காலுக்குப் போகிற நரம்பை நசுக்கிக்கொண்டிருக்கிறது. இரண்டையும் சேர்த்து ஒரே எலும்பாக ஒட்டவைக்க வேண்டுமாம். நெருங்கிய உறவினர் ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும் என்றார்கள். படிவத்தில் உன் பெயரை எழுதிக் கொடுத்துவிட்டேன். நீ வர வேண்டும்.

ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் எனக்கு இருபத்தாறு வருஷம் ஆகிறது. இயந்திரத்தின் வாய் முழங்கால் உயரத்தில் இருக்கும். நனைந்த விரிப்பு கல் கனம் கனக்கும். குனி, இழு, நிமிர், வண்டியில் போடு. இந்த வேலை செய்தவள் எவளுக்கும் இடுப்பு முழுசாக இல்லை. போன வருஷம் முழுக்க வலி என் உயிரை வாங்கியது. இரண்டு மாதத்துக்கு முன் சட்டென்று நின்றுவிட்டது. இஸ்திரி உருளையில் நிற்கிற நெட்டச்சி, “உனக்கு நல்ல காலம் பொறந்துடுச்சுக்கா” என்றாள். நானும் அப்படித்தான் நம்பினேன். ஒரு நாள் வேலை முடிந்து வாசலுக்கு வந்தால் காவல்காரர், “இன்னொரு செருப்பு எங்கம்மா?” என்கிறார். குனிந்து பார்த்தேன். வலது கால் வெறுங்காலாக இருந்தது. எங்கே கழன்றது என்று எனக்குத் தெரியவே இல்லை.

எலும்பு டாக்டர் தங்கமான மனுஷர். ஆனால் அவர் நாக்குக்கு ழகரம் வராது. படத்தை வெளிச்சத்தில் மாட்டிவிட்டு, “உங்களுக்கு மூணு வலி இருக்கும்மா” என்றார். பரிசு வாங்கின பிள்ளை மாதிரி நான், “எனக்கு ஒரு வலியும் இல்லையே டாக்டர், எல்லாம் போயே போச்சு” என்றேன். “முன்னால ஒரு வலி, பின்னால ஒரு வலி, பக்கத்துல ஒரு வலி” என்றார். “முன்னாலயும் இல்ல, பின்னாலயும் இல்ல” என்று நான் சாதிக்கிறேன். நர்ஸ் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தாள். வழியைத்தான் அவர் அப்படிச் சொல்கிறார் என்று அவள் எடுத்துச் சொன்ன பிறகு நானும் சிரித்தேன். டாக்டர் சிரிக்கவில்லை. ஊசியை எடுத்து என் கால் கட்டைவிரலில் குத்தினார். எப்போது குத்தினார் என்றே எனக்குத் தெரியவில்லை. “வலி போகலம்மா. கால் மரத்துப் போச்சு. சேதி சொல்ற நரம்பு செத்துக்கிட்டு இருக்கு” என்றார்.

வழி மூன்றையும் அப்புறம் படம் போட்டே காட்டினார். பின்வழி என்றால் முதுகைக் கீறி, சதையை ஒதுக்கி, நரம்பை அழுத்துகிற எலும்பை வெட்டி எடுத்துவிட்டு, திருகாணியும் கம்பியும் போட்டு இறுக்குவது. முன்வழி என்றால் வயிற்றைத் திறந்து குடலை ஓரம் தள்ளி உள்ளே போவது. தலையைச் சுற்றி மூக்கைத் தொடுகிற கதை. ஆனால் முதுகுச் சதை தப்பிக்குமாம். பக்கவழி இடுப்போரமாகப் போவது. எது எனக்கு ஒத்து வரும் என்று அடுத்த வாரம் சொல்வார்.

இப்போதைக்குக் கட்டைவிரல் மட்டும்தான் மரத்திருக்கிறது. பதில் போடு.

உன் அக்கா


புதன்கிழமை

வாலு,

உன் வீட்டுக்காரர் போன வாரமே போன் செய்தார். “லெட்டர் வந்துச்சுக்கா. பிரிச்சா, படிச்சா, மடிச்சு வெச்சுட்டா. அடுப்படிக்குப் போயிட்டா” என்றார். பாவம், அவருக்குத்தான் சங்கடம். நீ கிழிக்கவில்லை. எனக்கு அது போதும் என்று எழுத நினைத்தேன், ஆனால் போதவில்லை.

வழி முடிவாகிவிட்டது. பக்கவழி எனக்கு இல்லை. எலும்பு அவ்வளவு கீழே இருப்பதால் இடுப்பெலும்பு குறுக்கே நிற்கிறதாம். முன்வழியும் இல்லை. கர்ப்பப்பை எடுத்த பழைய தையலால் உள்ளே எல்லாம் ஒட்டிக் கிடக்கும், பக்கத்திலேயே பெரிய ரத்தக்குழாய் போகிறது, வம்பு வேண்டாம் என்கிறார். ஆக, எல்லோரையும் போல டாக்டரும் என்னை முதுகில்தான் குத்தப்போகிறார்.

மூன்றாம் எண் ஆபரேஷன் அரங்கிலிருந்து வருகிற மூட்டைகள் எலும்புக்காரர்களுடையவை. இத்தனை வருஷம் அவற்றை நான்தான் பிரித்திருக்கிறேன். ரத்தக்கறையை முதலில் பச்சைத் தண்ணீரில் அலச வேண்டும், வெந்நீர் பட்டால் கறை துணியோடு தங்கிவிடும். நேற்றும் ஒரு மூட்டை பிரித்தேன். முதுகு ஆபரேஷன் விரிப்பு, நடுவில் நீளமாகக் கறை. அடுத்தது நான்தான் இதில் படுக்கப்போகிறேன் என்று நினைத்துப் பார்த்தேன். பயம் வரவில்லை. ஒன்றுமே வரவில்லை. அலசிப் போட்டுவிட்டுக் கஞ்சி குடிக்கப் போனேன்.

திருகாணியும் கம்பியும் தற்காலிகப் பிடிப்புதானாம். வெட்டி எடுக்கிற எலும்பையே பொடியாக்கி நடுவில் அடைப்பார்கள். அது ஒட்ட ஆறு மாதமும் ஆகலாம், ஒரு வருஷமும் ஆகலாம். ஒட்டவில்லை என்றால் திருகாணி எத்தனை நாள் தாங்கும் என்று கேட்டேன். “ரொம்ப நாள் தாங்காதும்மா” என்றார்.

உன்னைப் பற்றி யாராவது கேட்டால் இப்போதெல்லாம் எனக்கு வலிப்பதே இல்லை என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். தங்கச்சியா, நல்லா இருக்கா, என்பேன். ஆறிவிட்டது என்று நினைத்தேன். இப்போது அதையும் நம்ப முடியவில்லை.

மரத்தது உள்ளங்கால் வரைக்கும் வந்திருக்கிறது. நீ வரட்டும் என்று தேதி வாங்காமல் இருக்கிறேன்.

அக்கா


ஞாயிற்றுக்கிழமை

அன்பு வாலு,

நீ இன்னும் எழுதவில்லை. இந்தக் கடிதத்தை நேற்று மூன்று தடவை எழுதிக் கசக்கிப் போட்டேன்.

கையெழுத்து என்று சொன்னது ஒரு சாக்கு. எனக்குச் சுயநினைவு இருக்கிறது, என் கையெழுத்தே போதும் என்று ஆபீஸில் முதல் நாளே சொல்லிவிட்டார்கள். கூட நிற்க நெட்டச்சியும் தயார்.

எட்டு வருஷத்துக்கு முன், அப்பாவின் குடல் ஆபரேஷன் அன்று நீ பஸ்ஸில் வந்துகொண்டிருந்தாய். போனில் நான், “ரொம்ப அவசரமாம், உடனே பண்ணணுமாம், டாக்டர் ஒரு நிமிஷம் தர மாட்டேங்கறார்” என்றேன். அது பொய். சாயந்திரம் வரை பொறுக்கலாம், சின்னப் பொண்ணு வந்து பார்க்கட்டும் என்றுதான் டாக்டர் சொன்னார். அவசரம் என்றது நான். கல்யாணம் காட்சி எதுவும் இல்லாமல் அவரோடேயே இருந்து குளிப்பாட்டி, சோறூட்டி, மலம் அள்ளியவள் நான். அவர் அன்று காலையிலிருந்து, “வாலு வந்துட்டாளா, வாலு வந்துட்டாளா” என்று வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். என்னை ஒரு தடவை பார்த்திருக்கலாம். எனக்கு வயிறு எரிந்தது. படிவத்தை வாங்கிக் கையெழுத்துப் போட்டேன். நீ வந்து சேர்ந்தபோது அப்பா போய்விட்டிருந்தார்.

“நான் வர்ற வரைக்கும் பொறுக்க முடியலையா?” என்று நீ கேட்டாய். டாக்டர் மேல் பழியைப் போட்டேன். நீ நம்பவில்லை. நீ நம்பாதது சரிதான்.

மன்னித்துவிடு என்று கேட்கிற யோக்கியதை எனக்கு இல்லை, கேட்கவும் இல்லை. உண்மையை உனக்குச் சொல்லாமல் ஆபரேஷன் மேஜை மேல் ஏற மனசு வரவில்லை.

மரத்தது கணுக்கால் தாண்டிவிட்டது. காலைத் தூக்கினால் பாதம் தூங்குகிற பிள்ளையின் தலை மாதிரித் தொங்குகிறது. டாக்டர் நேற்றுச் சத்தம் போட்டார். “இனிமே ஒவ்வொரு நாளும் நஷ்டம்மா. இப்பவே போனது திரும்புமான்னு தெரியல. சிறுநீர் போறது தெரியாமப் போச்சுன்னா அப்புறம் என்னைக் கேக்காதீங்க” என்றார். வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு நேரம் ஒதுக்கிவிட்டார். என் தங்கச்சி முகத்தைப் பார்க்காமல் உள்ளே போக மாட்டேன் என்றேன். பைத்தியமா என்று கேட்டார். இருக்கட்டும் என்றேன்.

புதன் ராத்திரி பஸ் கிடைத்தால் வா. அது கிடைக்காவிட்டால் வியாழன் சாயந்திரம் வா. வெள்ளிக்கிழமைதான் முடியும் என்றால் வெள்ளிக்கிழமை வா. பெண்களுக்குச் சமைத்து வைத்துவிட்டு, சாப்பிட்டுவிட்டு, ஜன்னலோர இடமாகப் பார்த்து உட்கார்ந்து பத்திரமாக வா.

ஒன்றும் அவசரமில்லை.

அக்கா