பிறப்பதற்கு முன்பே வேலைக்குச் சேர்ந்தவள்

அன்பு மகளுக்கு,

எக்ஸ்பிரஸ் சித்தியைக் குருடாக்கப் போவது உன் அலுவலகம்தான். நீ அங்கே சுகமாகத்தான் இருப்பாய், இங்கே நானும் அப்பாவும் சுகம் என்றே எழுதிவிடுகிறேன், அவருடைய முழங்கால் மட்டும் படியேறும்போது சண்டை போடுகிறது, சமையலறைக் குழாயை ஒருவழியாக மாற்றியாயிற்று. எதிர்வீட்டில்தான் நிலைமை சரியில்லை. சித்திக்கு இரண்டு கண்ணிலும் புரை முற்றிவிட்டது. போன வாரம் சர்க்கரை என்று நினைத்துப் பாலில் சோப்புத்தூளைக் கலக்கிவிட்டு, என்னடி இப்படி நுரைக்குது என்று என்னைக் கூப்பிட்டாள். மறுநாளே அறுவைக்குப் பெயர் கொடுக்க ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். அறுபது தாண்டியவர்களுக்குத்தான் அங்கே அந்த வரிசை. கவுண்டரில் இருந்த பெண் திரையைப் பார்த்துவிட்டு, "இதுல வயசு முப்பத்தொண்ணுதான் போட்டிருக்கு பாட்டி, நான் என்ன பண்றது" என்றாள். எழுபத்தாறு வயதுக்காரி விடுவாளா, "அப்ப எனக்கு ஒரு மாப்பிள்ளை பாரும்மா" என்றாள், வரிசையே சிரித்தது. வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்த பிறகுதான் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

நீ போனில் சொன்னதைக் காகிதத்தில் எழுதிவைத்துப் பத்துத் தடவை படித்தேன், தலை சுற்றுகிறதே தவிர எதுவும் ஏறவில்லை. குடிமக்கள் பதிவேட்டைப் பராமரிப்பது உங்கள் நிறுவனம்தான், ஆனால் மாற்ற முடியாது என்கிறாய். சித்தி பிறந்த வருடம் தொண்ணூற்று நாலு என்று அந்தக் காலத்தில் நாங்கள் அங்கே துளை போட்ட கார்டில் இருந்ததாம், கார்டிலிருந்து காந்த நாடாவுக்கும் நாடாவிலிருந்து இன்றைய கணினிக்கும் ஓர் எழுத்து பிசகாமல் வந்ததாம், இரண்டு பேர் தனித்தனியாக அடித்து ஒத்துப்போன பதிவு என்பதால் அதுதான் சரியாம். அப்படியென்றால் அவள் பிறப்பதற்கு இருபத்திரண்டு வருடம் முன்பே என் பக்கத்து நாற்காலியில் வந்து உட்கார்ந்தாளா? அந்தக் கார்டுகளை மூட்டை மூட்டையாகப் பழைய காகிதக்காரன் ஏற்றிப்போனதை நான் நின்று பார்த்தேன். கார்டே போய்விட்டது, அதிலிருந்த ஓட்டை மட்டும் எப்படியடி உயிரோடு இருக்கிறது?

ஒன்று சொல்கிறேன், அப்பாவுக்கு மட்டும்தான் இது தெரியும். எக்ஸ்பிரஸ் என்று பெயர் வாங்கித் தந்த அந்த வேகத்தில் சித்தி படிவத்தைப் பார்த்துக் கார்டில் துளை போடுவாள், அதே படிவத்தை நான் என் இயந்திரத்தில் மறுபடி அடிப்பேன், இரண்டும் ஒத்தால் இயந்திரம் கார்டின் ஓரத்தில் சின்னதாக ஒரு வெட்டு வெட்டும், ஒத்துவராவிட்டால் பூட்டிக்கொள்ளும். பூட்டினால் மேற்பார்வையாளன் வந்து அவள் பெயரை அறை முழுக்கக் கேட்கும்படி வாசிப்பான், ஒரே நாளில் மூன்று தடவை வாசித்தால் மறுநாள் வர வேண்டாம். சித்திக்கு அப்போது ஏழாம் மாதம். தெரிந்தால் அனுப்பிவிடுவார்கள் என்று தொளதொள மேலங்கிக்குள் வயிற்றை மறைத்துக்கொண்டு வந்தாள், கால் வீங்கி, கண் இருட்டி, நாலை ஒன்பதாகவும் ஒன்பதை நாலாகவும் குத்தினாள். நான் அவள் கார்டுகளை இயந்திரத்தில் விடவே இல்லை. வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துத் துளைகளைக் கண்ணால் படித்து, பிழை இருந்தால் சத்தமில்லாமல் வேறு கார்டு அடித்துவைத்து, அப்பா பஸ்ஸில் டிக்கெட்டுக்கு ஓட்டை போடும் கண்டக்டர் இடுக்கியால் ஓரத்தை நானே வெட்டினேன். எதற்கு என்று அவர் அப்போது கேட்கக்கூட இல்லை, பிறகு நானே சொன்னேன். மூன்று வாரம் அப்படி. எங்கள் தெருவுக்கான படிவங்களும் அதில்தான் வந்தன, அவளுடையதும். நாற்பத்தொன்பதை அவள் தொண்ணூற்று நாலாகக் குத்தியிருக்கிறாள், என் கண்ணுக்கு அது தப்பிவிட்டது. வருடத்துக்கு அந்தக் கார்டில் இரண்டே கட்டம், நூற்றாண்டைப் போட இடமில்லை, பின்னால் வந்த கணினி தானாகவே அதை ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்று நாலு என்று எடுத்துக்கொண்டிருக்கிறது.

யார்மேல் கோபப்படுவது என்றே விளங்கவில்லை. குத்தியவள் மேலா, வெட்டிய என் மேலா, வயிற்றுப்பிள்ளைக்காரியை விரட்டக் காத்திருந்தவன் மேலா, எழுபத்தாறு வயது முகம் எதிரே நிற்கும்போது திரையை நம்புகிறவர்கள் மேலா? உங்கள் அலுவலக வாசலில் அந்த முதல் கணினியைக் கண்ணாடிக்குள் வைத்திருக்கும் படம் அனுப்பினாய். வாங்கிய இயக்குநரின் பெயர் இருக்கிறது, செய்த கம்பெனியின் பெயர் இருக்கிறது, ஜன்னலில்லாத அறையில் அதற்குத் தீனி போட்ட நாற்பது பெண்களில் ஒருத்தி பெயர் இல்லை. ஐந்து வருடம் பிழையே செய்யாதவள் என்று எனக்குக் கொடுத்த சான்றிதழை மட்டும் நீ பெருமையாக மாட்டியிருக்கிறாய். அதைக் கழற்று. "இப்ப போய் இதச் சொன்னா புள்ளைக்கு அங்க தலை குனிவு" என்கிறார் அப்பா. அதுவும் சரிதானோ என்று ஒருநாள் தோன்றுகிறது, மறுநாள் எதிர்வீட்டில் அவள் சுவரைத் தடவித் தடவி நடப்பது தெரிகிறது. சித்தியோடு போகட்டும் என்றாலும், அந்த மூன்று வாரத்தில் என் கையால் போனவர்கள் இன்னும் எத்தனை பேர், யார் யார் எந்தக் கவுண்டரில் நிற்கிறார்கள், எனக்குத் தெரியவில்லை.

நீ நன்றாக இரு, நிறைய வருடம் இரு. மருந்தை வெறும் வயிற்றில் போடாதே. சித்தியின் அறுவைக்கு இந்த மாதம் இருபதாம் தேதி வரைதான் இடம் பிடித்துவைப்பார்களாம். அவளிடம் வேறு பிறப்புச் சான்று இல்லை, சரிபார்த்ததாகக் கையெழுத்துப் போட்டவள் நான், இயந்திரத்தில் சரிபார்க்கவில்லை என்று இங்கே அந்தக் கையாலேயே எழுதியிருக்கிறேன். இந்தக் கடிதத்தை அப்படியே உன் மேலதிகாரி மேஜையில் வை, அவள் வருடத்தை மாற்று, அந்த மூன்று வாரக் கார்டுகள் அத்தனையையும் திரும்பப் பார்க்கச் சொல். மூன்று தடவை போனில் கேட்டேன், மூன்று தடவையும் பேச்சை மாற்றினாய். செய்வாயா, மாட்டாயா?

உன் அம்மா