வாடகைக்கு விடாத குரல்

சார்,

சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆட்டோவில் குழாய் ஸ்பீக்கர் கட்டி ஊர் ஊராக அறிவிப்புச் செய்கிறவன் நான். ஆனால் மைக்கின் பஞ்சுறையை ஒருநாளும் துவைத்ததில்லை. இன்று காலை உங்கள் இரங்கல் கூட்டத்தை அறிவிக்க மைக்கை எடுத்ததும் அந்த நாற்றம் முகத்தில் அடித்தது. கூட்டத்தில் பேச மைக்கை நீட்டும்போதெல்லாம், "எத்தினி பேர் வாய்யா இதுல குடியிருக்குது?" என்று மூக்கைப் பொத்திக்கொள்வீர்கள். "உங்க வாயும் இருக்குதுங்க, அதான் ஜாஸ்தி" என்பேன். சிரிப்பீர்கள்.

நம் ஊரில் மேலத்தெருவும் கீழத்தெருவும் வெட்டிக்கொண்ட வருடம், கீழத்தெருவுக்கு யாரும் வேலை தரக்கூடாது, கடையில் சாமான் தரக்கூடாது என்று அறிவிக்க மேலத்தெருக்காரர்கள் என்னை அமர்த்தினார்கள். நீங்கள் வந்து ஆட்டோவை மறித்தீர்கள். "அவங்க சொல்றாங்க, நான் கூவறேன். எனக்கு இன்னா சார்?" என்றேன். "காதுல வுழறது உன் குரல்தான்யா" என்றீர்கள். அவ்வளவுதான். வண்டியைத் திருப்பிவிட்டேன்.

அப்புறம் அந்தச் சண்டையை நாவலாக எழுதினீர்கள். ஒரே ஆள் பேச்சுக்கு ஊரே தலையாட்டினால் என்ன ஆகும் என்று எழுதினீர்கள். உங்கள் வீட்டுக் கூரை ஓடுகளை உடைத்தார்கள். ஒழுகும் இடத்தில் குண்டான் வைத்துவிட்டு அடுத்த நாவலை எழுதினீர்கள். எனக்கு எழுத்துக்கூட்டித்தான் வரும், முழுதாகப் படித்ததில்லை. படிக்காதவர்களும் அதற்குப் பயந்தார்கள். டீக்கடையில் எவனாவது "கீழத்தெருக்காரன்..." என்று ஆரம்பித்தால், "சும்மாயிரு, சார் புக்குல போட்டுடுவாரு" என்று பக்கத்தில் இருப்பவன் அடக்குவான். அந்தப் பயத்தில்தான் இரண்டு தெருவும் சேர்ந்து கரும்பு வெட்டப் போனது. பிறகு பயம் போய்ப் பழக்கமாகிவிட்டது.

உங்கள் காரியம்கூட இன்னும் முடியவில்லை. காலையில் நான் வண்டியை எடுப்பதற்குள் மேலத்தெருப் பையன்கள் வந்தார்கள். அதே அறிவிப்பு. "சொல்லுண்ணா. புக்கு போடறவருதான் போய்ட்டாரே, இன்னும் இன்னா பயம்?"

"தொண்டை கட்டிக்கினு கீதுடா" என்றேன். எனக்கே கேவலமாக இருந்தது. "தொண்டை நல்லாத்தான் கீது. சொல்ல மாட்டேன்" என்றேன். ஒருவன் முறைத்தான், இன்னொருவன் ஆட்டோவைச் சுற்றி வந்தான். போய்விட்டார்கள்.

வேறு குழாய்க்காரனைப் பிடிப்பார்கள். நீங்கள் இருந்தால் அவனையும் மறிப்பீர்கள். எனக்கு அந்தத் தைரியம் வருமா, தெரியாது. என் குரல் கோலமாவுக்குப் போகும், கோழிக்குஞ்சுக்குப் போகும், அதற்குப் போகாது. நீங்கள் எனக்குக் கொடுத்துவிட்டுப் போனது இவ்வளவுதான்.

உங்கள் கூட்டத்தை அறிவிக்கக் கிளம்பினேன். வாய்க்கால் கரையிலிருந்து மலையடிவாரம் வரைக்கும் உங்கள் பெயரைச் சொல்லிக்கொண்டே போனேன். இஞ்சின் சத்தமும் என் அழுகையும் தவிர எதுவும் என் காதில் விழவில்லை. கடைசி வீட்டு அம்மா கை காட்டி நிறுத்தி, "இன்னாத்துக்கு வாயை அசைச்சிக்கினே போற?" என்றார்.

இறங்கிப் பார்த்தேன். குழாய்க்குப் போகும் ஒயரை அறுத்துவிட்டிருந்தார்கள். ஊர் முழுக்கச் சொல்லி முடித்திருந்தேன்.