இரண்டு சுவருக்கு நடுவே உள்ள இடம்

அனுப்புநர்:
மு. நஜீம்,
பிளாஸ்டிக் குடக்கடை,
சிம்மக்கல், மதுரை.

பெறுநர்:
வட்டாட்சியர் அவர்கள்,
மதுரை.

பொருள்: என் வீட்டுக்கும் மேற்கே உள்ள சரக்குக் கிட்டங்கிக்கும் இடையில் இருக்கும் இடத்தை அளந்து, திறந்து காட்டக் கோருதல்.

பெருமதிப்பிற்குரிய ஐயா,

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். மனு எழுதக் கற்றுத்தரும் இலவச வகுப்பில் சேர்ந்தது அங்கே தரும் உளுந்தவடைக்காக என்பதை முதலில் ஒப்புக்கொள்கிறேன். வடை நின்றுவிட்டது. நான் நிற்கவில்லை.

1. வகுப்பு நடத்தும் வழக்கறிஞர் ரோகிணி அவர்கள், அவரவர் வீட்டின் நான்கு எல்லைகளையும் நேரில் பார்த்து எழுதி வரச் சொன்னார். என் பத்திரத்தில் மேற்கெல்லை அசோக்குமார் கிட்டங்கிச் சுவர். அவர் பத்திரத்தில் கிழக்கெல்லை என் வீட்டுச் சுவர். மாடியில் ஏறிப் பார்த்தால் இரண்டு சுவர்களும் ஒட்டவில்லை. நடுவில் ஓர் ஆள் நிற்கும் அளவு இடம். மேலே காரை பூசி மூடியிருக்கிறது. எந்தப் பக்கமும் வாசல் இல்லை.

2. தினமும் மதியம் லுஹர் தொழுகை முடிந்து வந்து நான் சாயும் நேரம், அந்தச் சுவருக்குள் விளக்குமாற்றால் பெருக்கும் சத்தம் கேட்கும். கிட்டங்கியில் பெருக்குகிறார்கள் என்று இருந்தேன். அசோக்குமாரோ, "என்ன மாப்ள, நீங்கதான் தெனம் கூட்டுறீகன்னு நெனச்சேன். ஒரு வீட்ல அம்புட்டுக் குப்பையா?" என்றார். அவர் கிட்டங்கியில் தரை முழுக்க மூட்டை. பெருக்க இடமே இல்லை.

3. முதலில் இதை "என் மாமியாரின் ஆவி" என்று எழுதினேன். மாமியார் எதிர்வீட்டில் உயிரோடு, நல்ல பசியோடு இருக்கிறார். ரோகிணி அவர்கள், "அண்ணே, வெளாட்டு வேணாம். கேட்டத எழுதுங்க, பார்த்தத எழுதுங்க" என்று அதை அடித்தார். "யாரோ" என்று எழுதியதையும் அடித்தார். மிஞ்சியதைப் படித்துப் பார்த்தேன் ஐயா. ஆவி இருந்தவரை எனக்குப் பயம் இல்லை.

4. மிஞ்சியது இது: சத்தம் கேட்டால் என் ஐந்து மாதப் பேரன் அழுகையை நிறுத்துகிறான். சுவரைப் பார்த்துச் சிரிக்கிறான். இப்போது சில நாட்களாகத் தூக்கச் சொல்லிக் கைகளை நீட்டுகிறான். அவன் கை நீட்டியதும் பெருக்கும் சத்தம் நின்றுவிடுகிறது.

5. பிரசவத்துக்கு வந்த மகள் முபீனா, "அத்தா, அந்தச் செவத்த இடிங்க. இல்லன்னா பிள்ளையத் தூக்கிட்டு கோச்சடைக்கு என் மாமியா வீட்டுக்கே போறேன்" என்கிறாள். இடிக்க எனக்கு உரிமை இல்லை. அசோக்குமாரும் அந்த இடம் தனக்கு வேண்டாம் என்கிறார். ஒரு சாண் நிலத்தை இரண்டு பேர் வேண்டாம் என்று சொல்லி இந்த ஊரில் நான் கேட்டதில்லை.

ஆகவே மகள் பெட்டி கட்டும் முன், ஒரு சர்வேயரை, கூடுமானால் இருவரை, அனுப்பி, அந்த இடம் யாருடையது என்று முடிவு செய்து, எங்கள் முன்னிலையில் திறந்து தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இடம்: மதுரை
நாள்: 18.8.2025

இப்படிக்கு,
மு. நஜீம்

பின்குறிப்பு: ஆழத்தையும் குறிப்பிட நினைத்து, காரையில் உள்ள வெடிப்பு வழியாக டேப்பை உள்ளே விட்டேன். திரும்ப இழுத்தேன், வரவில்லை. இன்னும் பலமாக இழுத்தேன். டேப் என் கையிலிருந்து உள்ளே போய்விட்டது. ஆகையால் அளவு குறிப்பிடப்படவில்லை. வருபவர் தங்கள் டேப்பைக் கொண்டு வரவும்.