மூன்று ஓவன்களும் ஒரு சின்ன ஃபங்ஷனும்

நவ. 18, செவ்வாய்

விடிந்ததிலிருந்து தூறல். எளாவூர் செக்போஸ்ட்டில் லாரி வரிசை, கம்பெனி பஸ் அரை மணி லேட்.

பதினொரு மணிக்கு என் வீட்டுக்காரர் சேகருக்குக் கை சுட்டுவிட்டது. இடது மணிக்கட்டு. பெயின்ட் அடித்த பாகங்களைச் சூடேற்றும் முதல் ஓவன். திரையில் நாற்பது டிகிரி என்று பார்த்துவிட்டுத்தான் கதவைத் திறந்திருக்கிறார். உள்ளே நூற்றெண்பது.

அந்தத் திரையில் ஓடுவது நான் எழுதிய புரோகிராம்.

மேனேஜரிடம் அவர் சொன்னது: "சென்சார் ஒயர் லூசா இருந்துச்சு சார். நானே முடுக்கிட்டேன்." ஒயர் லூசாக இல்லை. அவருக்குத் தெரியும். என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். நானும் அதை மறுக்காமல் என் மேஜைக்குத் திரும்பினேன்.

வீட்டில் மருந்து போட்டேன்.

"எரியுதாங்க?"

"இல்ல. நீ ஊதிக்கினே இரு."

நவ. 19, புதன்

வாங்க: களிம்பு, பஞ்சு, தக்காளி.

கண்டுபிடித்துவிட்டேன். என் தப்புதான்.

ஒவ்வொரு ஓவனையும் கவனிக்க ஒரு திரெட், தனியாக ஓடும் வேலை. அவற்றை ஒன்று, இரண்டு, மூன்று என்று வரிசையாகத் தொடங்கும் லூப்புக்குள்ளேயே ஒரு சின்ன ஃபங்ஷன், என்ன செய்ய வேண்டும் என்று சொல்லும் துண்டு, எழுதியிருந்தேன். அதை லூப்புக்கு வெளியே, கிளாஸில் பெயர் வைத்த தனித் துண்டாக, மெத்தடாக வைத்திருக்கலாம். உள்ளே வைத்தால் நாலே வரி, பார்க்க அழகு. அந்த அழகில் மயங்கிவிட்டேன். அந்த ஃபங்ஷன் ஓவன் எண்ணைத் தன்னிடம் வைத்துக்கொள்வதில்லை. ஒவ்வொரு முறையும் லூப்பின் எண்ணை எட்டிப் பார்க்கிறது. லூப் முடிந்ததும் அங்கே இருப்பது கடைசி எண். ஆக மூன்று திரெட்டும் மூன்றாம் ஓவனையே பார்த்திருக்கின்றன.

ஒரே ஓவன் இருந்தவரை தெரியவில்லை. போன வாரம் புதிதாக இரண்டு. மூன்றும் ஒரே சூட்டில் ஓடின, யாரும் கவனிக்கவில்லை. நேற்று மூன்றாவதைச் சுத்தம் செய்ய அணைத்தார்கள். அது ஆறி வந்த நாற்பதுதான் முதல் ஓவன் திரையிலும் தெரிந்திருக்கிறது.

"இன்னா ஆச்சு? புரியறாப்ல சொல்லு," என்றார் சேகர்.

"மூணு பேரை 'அந்த ஓவனப் பாரு'ன்னு அனுப்புனேன். நம்பர் எழுதிக் கையில குடுக்கல. கடைசியா எதைக் காட்டுனனோ அதையே மூணு பேரும் பாத்துக்கினு இருந்தாங்க."

"அவ்ளோதானே? எழுதிக் குடுத்துடு. அதுவரிக்கும் நான் கை மீட்டர் வச்சிச் சூடு பாத்துக்கிறேன்."

நவ. 20, வியாழன்

மெத்தடாக மாற்றினேன். ஓடவிட்டேன். மறுபடி அதே! அழுகை வந்தது. முகம் கழுவிவிட்டு வந்து பார்த்தால், எண்ணை மூன்று திரெட்டும் பகிர்ந்துகொள்ளும் ஆப்ஜெக்ட்டிலேயே ஒரு பொது இடத்தில் வைத்திருக்கிறேன். மூவருக்கும் ஒரே பலகை. ஃபங்ஷன் இடம் மாறியது, என் புத்தி மாறவில்லை.

நாலு மணி: திரெட்டைத் தொடங்கும்போதே மெத்தடுக்கு எண்ணைக் கொடுத்தேன். ஆளுக்கு ஒன்று. உள்ளே இருந்த ஃபங்ஷனுக்கும் இப்படிக் கொடுத்திருந்தால் ஒழுங்காக ஓடியிருக்கும், பாவம். ஆனாலும் மெத்தடே இருக்கட்டும். தனியாகச் சோதித்துப் பார்க்க முடியும்.

நவ. 21, வெள்ளி

வெயில். காலையில் முதல் வேலையாக மேனேஜர் அறை.

"ஒயர் இல்ல சார். என் புரோகிராம்ல தப்பு."

"உங்க ஊட்டுக்காரரு ஒயர்னாரே?"

"எனக்காகச் சொன்னாரு சார்."

"மூணு நாளா நீ ஏம்மா சொல்லல?"

மேனேஜர் பேனாவை உருட்டிக்கொண்டே இருந்தார். பிறகு, "எழுதிக் குடு. இனிமே புது மெஷின் வந்தா நீ பாத்து சரின்னு சொன்னாத்தான் ஆன் பண்ணணும்." எனக்கும் சேகருக்கும் ஆளுக்கொரு மெமோ.

பிறகு சோதனை. முதல் ஓவனை மட்டும் அணைத்தார்கள். சேகர் மீட்டரோடு அங்கே, நான் திரைக்கு முன்னால். முதல் ஓவனின் எண் மட்டும் இறங்கியது. மற்ற இரண்டும் அசையவில்லை.

"எறங்குதா?" என்று கத்தினார். தலையை மட்டும் ஆட்டினேன்.

கேன்டீனில் சேகர்: "நான்தான் ஒயர்னு சொல்லி முடிச்சிட்டனே. நீ ஏன் போய் மாட்டிக்கினே?"

"நாளைக்கி வேற யாருக்காவது சுட்டா?"

தன் முட்டையை எடுத்து என் தட்டில் வைத்தார்.

நவ. 23, ஞாயிறு

துணி துவைத்தாயிற்று. மாவு அரைக்க வேண்டும். புண் காய்ந்து வருகிறது.

பழவேற்காட்டிலிருந்து சேகரின் தம்பி போன். அலையாத்திக் காட்டு நண்டு கிடைத்திருக்கிறதாம், வரச் சொல்கிறார். சேகர் வாசலில் நின்று பேசிக்கொண்டிருந்தார். நான் உள்ளே இருப்பது தெரியாது.

"கையா? அது ஒண்ணுமில்லடா... ஆமா, நம்ம ஊட்டுக்காரி எழுதுனதுதான். தப்பு வந்துச்சு. அவளே கண்டுபுடிச்சா, அவளே போய் ஒத்துக்கினா. நம்மளால ஆவுமாடா அது?"

சமையலறைக்குள் போய், கழுவி வைத்த பாத்திரங்களையே மறுபடி கழுவினேன்.