அஞ்சாவது பாட்டில் ரெண்டாவது கிட்டார்

என் அருமை மாப்ள,

நல்லா இருக்கியான்னு கேக்க முடியாத இடத்துக்குப் போய்ட்ட. நான் நல்லா இல்லடா. காலையில இருந்து ஒரு இடத்துல உக்கார முடியல.

நாம ரெண்டு பேரும் கேசட் தேயத் தேயக் கேட்ட அந்த இங்கிலீஷ் ராக் ஆல்பத்தை, புதுசா மெருகேத்தி உயர்தர டிஜிட்டல்ல விட்டிருக்காங்க. எப்படி இருக்குன்னு ஒரு இணையப் பத்திரிகைக்கு நான் எழுதணும். சாயங்காலம் அனுப்பறேன்னு சொல்லிட்டேன். இன்னும் ஒரு வரி எழுதல.

குறை இருக்கு. மொத்தச் சத்தத்தையும் தூக்கி வெச்சுட்டாங்க, மெதுவான பாட்டுகூட கத்துது. ஆனா தெளிவு, அடேயப்பா! பாடறவன் மூச்சு இழுக்கறதுகூட கேக்குது. அப்படியே அஞ்சாவது பாட்டுக்கு வந்தேன். இடது காதுல, மெல்லிசா, ரெண்டாவது கிட்டார்.

ஞாபகம் இருக்கா? ஜவ்வாது மலைமேல திருவிழாவுக்கு உன் மைக் செட்டைக் கட்டினோம். சாமி பாட்டு போடறதுக்கு முன்னாடி, குழாய் ஸ்பீக்கரைச் சோதிக்க எப்பவும் இந்த கேசட்டைத்தான் போடுவ. புளியமரத்துல கட்டின குழாயைக் காட்டி, "மச்சான், உள்ள இன்னொரு கிட்டார் ஓடுது பாரு"ன்ன. பந்தல்ல அத்தனை பேர் முன்னாடி, "குழாய்ல கேக்கறவனுக்கு இன்னாடா தெரியும்?"னு நான் சிரிச்சேன். அவங்களும் சிரிச்சாங்க.

அதுக்கப்புறம் எங்கிட்ட நீ பாட்டைப் பத்திப் பேசவேயில்ல. சாப்டியா, பஸ் கிடைச்சுதா, அவ்ளோதான். போன வருஷம் நெஞ்சு வலின்னு போய்ச் சேந்துட்ட.

இப்பதான் புரியுது. பாஸுங்கற அடிச்சத்தமே வராத குழாய், மெல்லிசான சத்தத்தைத் தனியா எடுத்துக் குடுக்கும். என் வூட்டுப் பெரிய ஸ்பீக்கர் பெட்டியில அது ட்ரம்ஸுக்கு அடியில அமுங்கிப் போச்சு. நீ சொன்னது தப்பா இருக்கட்டும்னு வேற ஹெட்போன்லகூட கேட்டுப் பாத்தேன். எவ்ளோ கேவலம் பாரு?

சந்தவாசலுக்கு, உன் பொண்டாட்டிக்குப் போன் போட்டேன். என் தங்கச்சிதான், ஆனா எப்பவும் உன் கட்சி. "உன் வூட்டுக்காரரு சொன்னது சரிம்மா"ன்னேன். அதுக்கு அவ சொன்னா: "எனக்கு எதுக்குண்ணா சொல்ற? எனக்குத் தெரியும். சிரிச்சவங்கல்லாம் மலைமேலதான இருக்காங்க."

வர்ற திருவிழாவுக்கு உன் குழாயை நானே அதே புளியமரத்துல கட்டறேன். அஞ்சாவது பாட்டைப் போட்டுட்டு, மைக்கைப் பிடிச்சு உன் பேரைச் சொல்லி, சிரிச்சது என் தப்புன்னு சொல்வேன். சத்தியமா. சிரிக்கறவங்க அன்னிக்கு என்னைப் பாத்துச் சிரிக்கட்டும்.

உன் செவிட்டு மச்சான்