எடுக்காத பொட்டலம்

ஆகஸ்ட் 4, திங்கள்

விடிந்ததிலிருந்து தூறல். மாடியில் துணி காயவில்லை. சாமுண்டி மலை இருக்கும் இடத்தில் வெறும் வெள்ளை.

இன்று: அப்பாவின் ரிப்போர்ட் வாங்க. ஆய்வேட்டின் அத்தியாயம் 3 (அத். 3) கைடு மேடத்துக்கு அனுப்ப. கேஸ் புக் பண்ண. அம்மாவுக்கு வெற்றிலை.

முதலாவது மட்டும் ஆயிற்று. அப்பாவின் இதயத்தில் மூன்று அடைப்பு. ஸ்டென்ட் போதாதாம். நெஞ்சைத் திறந்து பைபாஸ். 12ஆம் தேதி தியேட்டர் ஒதுக்கியாகிவிட்டது, 11 காலையில் வந்து சேர வேண்டும். "அதுக்குள்ள இன்னொரு வலி வந்தா?" என்று கேட்டேன். டாக்டர் பேனாவை மூடினார். சம்மதப் படிவத்தில் அப்பாதான் கையெழுத்துப் போட வேண்டும். நான் போட்டால் செல்லாது.

வீட்டில்:

அம்மா: "ஆடி மாசத்துல போயி யாராச்சும் நெஞ்ச அறுப்பாங்களா?"

நான்: "அடைப்புக்கு ஆடி ஆவணி தெரியுமாங்ம்மா?"

அப்பா: "ரெண்டு பேரும் சித்த சும்மா இருங்க. பூக் கேட்டுப் பாத்துக்கலாம்."

தலையில் அடித்துக்கொள்ளாத குறை. கேஸ் மறந்துவிட்டது.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

மேடம் போன். அத். 3 எங்கே? அப்பாவின் நிலைமையைச் சொன்னேன். பூக் கேட்பது என்றால் என்ன என்று கேட்டார். பெங்களூரில் வளர்ந்தவர், தெரியாது. விளக்கினேன். வெள்ளைப் பூ ஒன்று, செவ்வரளி ஒன்று. தனித்தனி இலைப் பொட்டலம், பார்த்தால் வித்தியாசம் தெரியக் கூடாது. அம்மன் முன்னால் வைத்து, கேட்க வேண்டியதை மனசுக்குள் கேட்டு, ஒன்றை எடுக்க வேண்டும். வெள்ளை என்றால் சரி. சிவப்பு என்றால் வேண்டாம். எடுக்காத பொட்டலத்தைப் பிரிக்காமல் தண்ணீரில் விட்டுவிட வேண்டும். ஒரு காரியத்துக்கு ஒரு தடவைதான். எங்கள் ஊர் கௌதள்ளிப் பக்கம் கல்யாணம், கிணறு வெட்டுவது, எல்லாம் இப்படித்தான்.

மேடம் சிரிக்கவில்லை. "தனக்குத் தெரியாதுன்னு ஒத்துக்கற மனுஷர். உன் ஆய்வேட்டுல அப்படி ஒருத்தர்கூட இல்லையே" என்றார். எரிச்சலாக வந்தது. அவருக்கென்ன, அவர் அப்பாவா.

அத். 3 தலைப்பு: சொல்பவரை நம்பலாமா. பொய் சொன்னேன் என்று தானே ஒப்புக்கொள்ளும் கதைசொல்லியை வாசகர்கள் அதிகம் நம்புகிறார்கள் என்பது என் வாதம். ஒப்புக்கொண்டதால் நம்பிக்கை கூடுகிறது. பதினெட்டுப் பக்கம் எழுதியிருக்கிறேன். நன்றாகத்தான் இருக்கிறது.

ஆகஸ்ட் 6, புதன்

அப்பாவுக்கு மாடிப்படி ஏறும்போது மூச்சு வாங்குகிறது. நான்காவது படியில் நின்று, தெருவை வேடிக்கை பார்ப்பது போல நடிக்கிறார்.

சாப்பிடும்போது மறுபடி வாதம். எதையும் சந்தேகப்படாமல் ஒத்துக்கொள்வது சோம்பேறித்தனம் என்றேன். வகுப்பில் சொல்வது போலவே சொல்லியிருப்பேன். "கயிறா பாம்பான்னு யோசிச்சுக்கிட்டே நின்னா கடிச்சுப் போட்டுப் போயிரும் கண்ணு" என்றார். போன வருஷம் சொட்டுநீர்க் குழாயைப் பாம்பு என்று அடித்து நொறுக்கியவர் இவர்தான். அதைச் சொன்னேன். சிரித்தார். சிரிப்பு இருமலாகி, அம்மா என்னை முறைத்தாள்.

பிறகு அவரே: "வெள்ளிக்கெழம பூவ நீ கட்டு. உங்கம்மா கட்டுனா வெள்ளைய நெனச்சுக்கிட்டே கட்டுவா. பூசாரி என் மொகத்தப் பாத்துக் கட்டுவான். உனக்குச் சாமியும் இல்ல, பேயும் இல்ல. எந்தப் பக்கமும் சாய மாட்ட."

ஆகஸ்ட் 7, வியாழன்

ஒரு வரிகூட எழுதவில்லை.

சிவப்பு வந்தால் அவர் ஆபரேஷனை விட்டு ஊருக்குத் திரும்பிப் போய்விடுவார். போனால் செத்துப்போவார். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. எல்லாவற்றையும் சந்தேகப்படுகிறவளுக்கு இது ஒன்று மட்டும் கல் மாதிரி நிச்சயம்.

காசைச் சுண்டுவது மாதிரி ஒரு விஷயத்துக்கு அவரைக் கொடுக்க முடியாது.

மாலை ஆறு மணி. பக்கத்து வீட்டு நந்தியாவட்டையில் இரண்டு பறித்தேன். செவ்வரளி ஒன்று, அம்மா பார்க்கட்டும் என்று. இரண்டு பொட்டலத்திலும் வெள்ளை. ஒன்றில் நார் அறுந்து, பிரித்து மறுபடி கட்டினேன். அரளியை இந்த டைரிக்குள் வைத்துவிட்டேன். பக்கம் கறைபடும். பரவாயில்லை.

குற்றவுணர்ச்சி இருக்கிறதா? இல்லை. இருக்கிறது. இல்லை.

ஆகஸ்ட் 8, வெள்ளி

ஆடி வெள்ளி. தெருமுனை மாரியம்மன் கோவிலில் நெரிசல். கூழ் வரிசை ரோடு வரைக்கும். பூசாரி பொட்டலங்களை அம்மன் காலடியில் வைத்தார். அப்பா கண்ணை மூடி வெகுநேரம் நின்றார். உதடு மட்டும் அசைந்தது. வலது பக்கம் இருந்ததை எடுத்தார். பிரித்தார். வெள்ளை. மற்றதைப் பூசாரி கிணற்றில் போட்டார். அம்மா அங்கேயே விழுந்து கும்பிட்டாள். நான் ஆச்சரியப்பட்ட முகம் வைத்துக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்து அப்பா சட்டையைக் கழற்றி மாட்டினார். "திங்கக்கெழம ஊருக்குப் போலாம். மஞ்சளுக்குத் தண்ணி கட்டோணும்."

"திங்கக்கெழம ஆஸ்பத்திரிங்ப்பா. வெள்ளை வந்திருச்சுல்லங்?"

"அதத்தான் சொல்றன். கத்தி படாம இப்புடியே இருந்தா பொழச்சுக்குவனான்னு கேட்டன். ஆத்தா சரின்னுட்டா."

இதை எப்படி யோசிக்காமல் விட்டேன். கேள்வியை அவர்தான் கேட்பார், மனசுக்குள் கேட்பார் என்று மேடத்துக்கு நானே விளக்கினேனே. ஆபரேஷன் செய்யலாமா என்றுதான் கேட்பார் என்று எனக்கு யார் சொன்னது?

சாப்பிடவில்லை.

ஆகஸ்ட் 9, சனி

மழை இல்லை. புழுக்கம்.

அப்பா சந்தோஷமாக இருக்கிறார். அதுதான் தாங்கவில்லை. ஊருக்கு வாங்கிப் போக மைசூர்பாகு எந்தக் கடையில் நல்லது என்று விசாரிக்கிறார். அம்மா துணி மடிக்கிறாள்.

குக்கரஹள்ளி ஏரியை இரண்டு சுற்று நடந்தேன். சொன்னால்: என்னை வெறுப்பார். அதோடு கோவிலில் அவர் நின்ற அந்த நேரமும் பாழ். சொல்லாவிட்டால்: நான் கட்டிய பூவே அவரைக் கொன்றுவிடும். இதில் யோசிக்க என்ன இருக்கிறது. ஆனாலும் இரண்டு சுற்று.

ஆஸ்பத்திரியிலிருந்து போன். திங்கள் காலை பத்துக்குள் அட்மிஷன். வருகிறோம் என்றேன்.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

சொல்லிவிட்டேன். காலை இட்லி வைக்கும்போது.

"ரெண்டு பொட்டலத்துலயும் வெள்ளைதானுங்ப்பா. நான்தான் அப்படிக் கட்டுனன்."

"கெட்டிக்காரி" என்றார்.

"நெசமாத்தானுங்."

"வெள்ளிக்கெழம பொய் பண்ணுனேங்கற. இன்னைக்குச் சொல்றது மட்டும் நெசம்னு நான் எப்புடி நம்பறது?"

அத். 3இன் முதல் வரி இதுதான். அந்தக் கேள்விக்கு வர எனக்கு எட்டு மாதம் ஆனது. அவர் சட்னியைத் தொட்டுக்கொண்டே கேட்டுவிட்டார்.

ஓடிப்போய் டைரியை எடுத்து, நசுங்கிய அரளியைக் காட்டினேன். அவர் தொடக்கூட இல்லை. "இது ரோட்டோரமெல்லாம் பூத்துக் கெடக்குது. காரியம் ஆகோணும்னா எத வேணும்னாலும் காட்டுவ. படிச்ச புள்ள."

மற்ற பொட்டலம் கிணற்றில். சாட்சி என்று ஒன்றும் இல்லை. நம்பியது அம்மா மட்டும்தான். உடனே நம்பினாள். "ஆத்தாகிட்டயே வெளையாடுனியா புள்ள?" என்று தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டாள். மகளின் புத்தி பெற்றவளுக்குத் தெரியும்.

ஒப்புக்கொண்டால் நம்பிக்கை கூடும் என்று பதினெட்டுப் பக்கம் எழுதிய முட்டாள் யார்?

மாலை அப்பாவுக்கு இடது தோளில் வலி. வாயுதான் என்றார். நாக்குக்கடியில் மாத்திரை வைத்தோம். அடங்கிற்று.

ஆகஸ்ட் 11, திங்கள்

எழுதி முடிக்க வேண்டும், கை ஒழிந்தபோதே.

காலை ஏழரை. பை கட்டியாயிற்று. கொள்ளேகால் பஸ்ஸுக்குப் போக அப்பா நாற்காலியில் உட்கார்ந்து வாட்ச் கட்டிக்கொண்டிருந்தார். கெஞ்சினேன். சத்தியமாகச் சொல்கிறேன் என்றேன்.

"எதுமேல சத்தியம்? சாமியே இல்லைங்கறவ சத்தியத்த என்னன்னு எடுத்துக்கறது?"

அம்மா சுவரில் சாய்ந்தபடியே, "அப்ப உங்க தலையில அடிச்சுச் சொல்லட்டும்" என்றாள்.

அப்பா என்னைப் பார்த்தார். தலைத்துண்டை எடுத்துவிட்டுத் தலையைத் தாழ்த்தினார். "சரி. சொல்லு."

தலையில் அடித்துப் பொய்ச் சத்தியம் செய்தால் அந்தத் தலைக்குரியவர் இருக்க மாட்டார். எங்கள் ஊரில் குழந்தைக்கும் தெரியும். எனக்கு அதில் துளி நம்பிக்கை கிடையாது. நான் சொல்வதும் உண்மை. ஆக எந்தக் கணக்கிலும் பயமில்லை. கையை ஓங்கினேன்.

கை வரவில்லை. தலைக்கு ஒரு சாண் மேலே நின்றுவிட்டது. நார் அறுந்த பொட்டலம் ஞாபகம் வந்தது. பிரித்துக் கட்டினேனே, அப்போது எதை வைத்தேன்? வெள்ளைதான். டைரியில்தானே அரளி இருக்கிறது. இருந்தாலும் ஒருவேளை. தேங்காயெண்ணெய் வாசனை. உச்சியில் முடி கொட்டிய இடம், அதன் நடுவில் ஒரு மச்சம். இருபத்தொன்பது வருஷத்தில் அதை நான் பார்த்ததே இல்லை. விரல் நடுங்கியது. சொல்லுக்கு அவ்வளவு பலம் இருந்துவிட்டால் என்ன செய்வேன் என்று பயந்தேன். ஆமாம், பயந்தேன்.

அப்பா தலையைத் தூக்கினார். நடுங்கும் கையைப் பார்த்தார்.

"எறக்கு கைய. போதும்."

"அப்பா, நான்..."

"பொய்யா இருந்தா பட்டுன்னு அடிச்சிருப்ப. உனக்குத்தான் இதெல்லாம் ஒண்ணுமில்லயே. நெசமா இருக்கப்போயித்தான் கை வரல."

அவர் வாதத்தில் குறைந்தது மூன்று ஓட்டை. ஒன்றைக்கூடச் சொல்லவில்லை.

"மறுக்காப் பூக் கேக்கலாங்களா?" அம்மா.

"ஒரு காரியத்துக்கு ஒருக்காத்தான். ரெண்டும் வெள்ளைன்னா ஆத்தா வாயே தொறக்கல. பேசுனது இவ." வாட்ச்சின் கொக்கியை மாட்டினார். "கை நடுங்கற அளவுக்கு ஒருத்தி நான் இருக்கோணும்ங்கறா. ஆட்டோவக் கூப்புடு."

பத்து மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது அட்மிஷன். நர்ஸ் காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டார். எதையும் படிக்கவில்லை. படிக்கச் சொன்னேன். "நீ படிச்சியல்ல" என்றார்.

வராண்டாவில் உட்கார்ந்து அழுதேன். அத். 3ஐ மேடத்துக்கு அனுப்பப் போவதில்லை. அது முழுக்கத் தப்பு.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

7.20க்கு உள்ளே கொண்டுபோனார்கள். வெளியே கம்பி நாற்காலிகள், யாரோ ஒருவர் போனில் கன்னடத்தில் யாரையோ திட்டிக்கொண்டிருக்கிறார். காபி வெறும் தண்ணீர் மாதிரி.

9.00. உள்ளேயிருந்து தகவல் இல்லை.

10.40. ஒன்றும் இல்லை. ஒரு நர்ஸ் ஓடினார். எங்களுக்காகவா என்று தெரியவில்லை.

11.15. அம்மா கேட்டாள்: "வந்துருவாரல்ல?"

"வந்துருவாருங்ம்மா."

அம்மா என் வலது கையை இழுத்துத் தன் தலைமேல் வைத்துக்கொண்டாள். "இப்பச் சொல்லு."

சொன்னேன்.