லெட்சுமி என்று கூப்பிட்டதும்

செவ்வாய்க்கிழமை, மாசி 12.

சாயங்காலம் சர்க்கார் லாரி வந்து திடலில் படம் காட்டியது. போன வாரம் எங்கள் தேயிலைத் தோட்டத்திலேயே எடுத்த படம். விடியற்காலைப் பெரட்டில், வேலைக்கு ஆள் எண்ணும்போது, கணக்கு எழுதும் கிராணி பெண்களை ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுகிறார். "லெட்சுமி" என்றதும் பக்கத்து வீட்டு மாரியாயி சிரித்துக்கொண்டே "வந்தேங்க" என்கிறாள்.

லெட்சுமி என் மனைவி. சர்க்காரை எதிர்த்துக் காட்டில் துப்பாக்கியோடு ஒளிந்திருப்பவர்களுக்கு அரிசி கொடுத்தாள் என்று போலீஸ் அவளைக் கொண்டுபோய் இரண்டு மாதமாகிறது.

மாரியாயியிடம் கேட்டேன். "வரிசையில ஆள் குறையக் கூடாதுன்னு கிராணிதான் சொன்னாருண்ணே. சும்மா படத்துக்குத்தானே லா" என்றாள். லெட்சுமியோடு பத்து வருஷம் கொழுந்து எடுத்தவள். வாய் கூசவில்லை.

அவளை மட்டும் சொல்லி என்ன? படம் முடிந்ததும் முன்னால் உட்கார்ந்திருந்த தோட்டத்துத் துரை திரும்பி எங்களைப் பார்த்தார். எல்லோரோடும் சேர்ந்து நானும் கைதட்டினேன்.